பணி முடிந்த பிறகும் இடுப்பில் துப்பாக்கி: இராமநாதபுரம் கடலோரக் காவலர்களுக்கு ஒரு வழிகாட்டி

காவல் துறையில் பணியில் இருப்பவர்களும் அண்மையில் ஓய்வு பெற்றவர்களும் சொந்தப் பாதுகாப்புக்காகக் கைத்துப்பாக்கி வைத்துக்கொள்ள விரும்பினால் என்ன செய்யவேண்டும் என்பதை வரிசையாகச் சொல்லும் கட்டுரை இது. மண்டபத்துக்கும் தொண்டிக்கும் இடையிலுள்ள காவல் நிலையங்களில் சிறப்பு உதவி ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். கடத்தல் வழக்குகளில் சாட்சி சொல்லிப் பகை தேடிக்கொண்டதால், ஓய்வு நெருங்கிய வேளையில் ஒரு ரிவால்வருக்கு உரிமம் கேட்டேன். பிறருடைய துப்பாக்கி உரிம மனுக்களுக்கு விசாரணை அறிக்கை எழுதிப் பழகியவனாக இருந்தும், விண்ணப்பதாரராக எதிர்ப்பக்கம் நின்றபோது முழு நடைமுறையையும் ஒரே இடத்தில் சொல்ல யாரும் கிடைக்கவில்லை. அந்த அலைச்சல் உங்களுக்கு வேண்டாம்.

1. அரசுத் துப்பாக்கி வேறு, சொந்தத் துப்பாக்கி வேறு

1959ஆம் ஆண்டின் படைக்கலச் சட்டத்தின் 45ஆம் பிரிவு, அரசு ஊழியர் ஒருவர் தம் பணியின்போது ஆயுதம் வைத்திருப்பதற்கு அச்சட்டத்திலிருந்து விலக்கு அளிக்கிறது. ‘பணியின்போது’ என்ற சொல்லை அழுத்திப் படிக்கவேண்டும். பதிவேட்டில் கையெழுத்திட்டு ஆயுதக் கிடங்கிலிருந்து எடுத்த பிஸ்டலைப் பணி முடிந்ததும் திரும்ப ஒப்படைத்துவிடவேண்டும். தனிப் பாதுகாப்பு அலுவலராக இருப்பவர்களுக்கும், மிரட்டல் காரணமாகத் துப்பாக்கியை வீட்டில் வைத்துக்கொள்ள அனுமதிக்கப்பட்டவர்களுக்கும் எழுத்துப்பூர்வ உத்தரவு இருக்கும். அப்படி ஓர் உத்தரவு கையில் இல்லாமல் விடுப்பில் ஊருக்குப் போகும்போது அரசுத் துப்பாக்கியைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு போனால், துறை நடவடிக்கையோடு படைக்கலச் சட்ட வழக்கும் வரலாம். உரிமம் இல்லாமல் துப்பாக்கி வைத்திருப்பதற்கு 2019 திருத்தத்துக்குப் பிறகு குறைந்தது 2 ஆண்டு, அதிகபட்சம் 5 ஆண்டு சிறையும் அபராதமும் உண்டு.

“காவலர் என்றால் இருபத்து நான்கு மணி நேரமும் பணியில் இருப்பவர்தானே” என்று வாதிடுபவர்களை நானும் பார்த்திருக்கிறேன். கண்ணெதிரே குற்றம் நடந்தால் ஒதுங்கிப் போகக்கூடாது என்பதற்குத்தான் அந்தப் பேச்சு பொருந்தும். ஆயுதக் கிடங்குப் பதிவேட்டில் அது செல்லாது.

இன்னொரு குழப்பம் கைபேசி வழியாக வந்து சேர்கிறது. அமெரிக்காவில் 2004இல் இயற்றப்பட்ட கூட்டாட்சிச் சட்டம் ஒன்றின்படி, தகுதியுள்ள காவலர்கள் பணியில் இல்லாத நேரத்திலும் அடையாள அட்டையோடு எந்த மாநிலத்திலும் துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லலாம். ஓய்வு பெற்றவர்களுக்கும் அது பொருந்தும், ஆனால் அவர்கள் ஆண்டுதோறும் சுடும் தேர்வில் தேறவேண்டும். அந்த நாட்டுக் காணொளிகளைப் பார்த்துவிட்டுக் காவலர் அடையாள அட்டையே இங்கும் போதும் என்று நம்பும் இளைஞர்கள் நம் நிலையங்களில் இருக்கிறார்கள். இந்தியாவில் அப்படி ஒரு சட்டம் கிடையாது. பணி முடிந்த காவலர், துப்பாக்கி விஷயத்தில், உரிமம் பெறவேண்டிய சாதாரணக் குடிமகன்.

ஆனாலும் ஒரு வழி திறந்திருக்கிறது. 2016ஆம் ஆண்டின் படைக்கல விதிகள், உரிமம் வழங்கும் அதிகாரி கருத்தில் கொள்ளவேண்டிய வகையினரைக் குறிப்பிடும்போது, முப்படைகளிலோ மத்திய ஆயுதக் காவல் படைகளிலோ மாநிலக் காவல் துறையிலோ பணியாற்றுபவர், பணியாற்றியவர் ஆகியோரையும் சேர்த்திருக்கின்றன. உயிரையோ உடைமையையோ காத்துக்கொள்ள உண்மையான தேவை இருக்கவேண்டும் என்பது அதற்கான நிபந்தனை. உங்கள் விண்ணப்பம் நிற்பதும் விழுவதும் இந்த நிபந்தனையால்தான்.

2. எந்தத் துப்பாக்கி கிடைக்கும்

பணியில் பழகிய 9 மி.மீ. பிஸ்டலையே சொந்தமாகவும் வாங்கிக்கொள்ளலாம் என்று நினைக்கவேண்டாம். படையினரின் 9 மி.மீ. தோட்டாவையோ .380, .455 வகைத் தோட்டாவையோ சுடக்கூடிய கைத்துப்பாக்கிகள் தடை செய்யப்பட்ட வகையைச் சேர்ந்தவை. அவற்றுக்கு மாவட்ட ஆட்சியர் உரிமம் வழங்க முடியாது. பொதுவாகக் கிடைப்பவை .32 அளவு ரிவால்வரும் அதே அளவு பிஸ்டலும்தான். விண்ணப்பத்தில் ‘ரிவால்வர் அல்லது பிஸ்டல், தடை செய்யப்படாத வகை’ என்று எழுதினால் வாங்கும்போது தேர்வு செய்ய இடமிருக்கும்.

ஒருவர் அதிகபட்சம் 2 துப்பாக்கிகளே வைத்திருக்கலாம். முன்பு 3 என்றிருந்ததை 2019 திருத்தம் குறைத்துவிட்டது. தந்தையார் விட்டுச்சென்ற இரட்டைக்குழல் துப்பாக்கி உங்கள் பெயரில் இருந்தால் அதுவும் இந்தக் கணக்கில் சேரும்.

3. வீட்டைச் சுற்றிப் பத்துக் கிலோமீட்டர் அளந்து பாருங்கள்

நம் கடற்கரையில் கோப்புகள் தேங்கி நிற்பதற்குப் பெரிய காரணம் இதுதான். யாரும் முன்கூட்டியே சொல்லாததும் இதைத்தான்.

1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் 34ஆம் பிரிவு, ஒரு சரணாலயத்தைச் சுற்றிப் பத்துக் கிலோமீட்டர் தொலைவுக்குள் தலைமை வன உயிரினக் காப்பாளரின் முன் இசைவு இல்லாமல் புதிய துப்பாக்கி உரிமம் எதுவும் வழங்கக்கூடாது என்கிறது. 35ஆம் பிரிவு அதைத் தேசியப் பூங்காக்களுக்கும் பொருந்தச் செய்கிறது. இராமேசுவரம் தொடங்கித் தூத்துக்குடி வரை நீளும் மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் சுற்றியுள்ள கடலும் தேசியப் பூங்கா. ஆகவே பாம்பன், மண்டபம், வேதாளைப் பகுதிகளில் குடியிருப்பவர் இதிலிருந்து தப்ப முடியாது. கீழக்கரை, ஏர்வாடி, வாலிநோக்கம் பக்கம் இருப்பவர்கள் அருகிலுள்ள தீவை வைத்து அளந்துவிடாமல் பூங்காவின் எல்லையை வைத்து அளக்கவேண்டும். கடலை விட்டு உள்ளே வந்தாலும் விடுதலை இல்லை. இராமநாதபுரம் நகரை ஒட்டியே சக்கரக்கோட்டைக் கண்மாய்ப் பறவைகள் சரணாலயம் இருக்கிறது. சித்திரங்குடி, காஞ்சிரங்குளம், தேர்த்தங்கல், மேலச்செல்வனூர் – கீழச்செல்வனூர் ஆகியனவும் சரணாலயங்களே. காவலர் குடியிருப்பு நகருக்குள்தானே இருக்கிறது, காட்டுக்கும் நமக்கும் என்ன தொடர்பு என்று நினைத்துக்கொண்டிருந்தவர்களின் கோப்புகள் இந்த ஒரு கேள்வியோடு திரும்பி வந்திருக்கின்றன.

எனவே விண்ணப்பத்தைப் பதிவு செய்வதற்கு முன்பே, வீட்டின் சர்வே எண், கிராமத்தின் பெயர், அருகிலுள்ள சரணாலயத்தின் எல்லைக்கு உள்ள தொலைவு ஆகியவற்றைக் குறித்து ஒரு பக்கக் குறிப்பும் வரைபடமும் தயாரித்துக்கொள்ளுங்கள். பத்துக் கிலோமீட்டருக்குள் வந்தால், வனத்துறையின் இசைவைக் கேட்டுக் கடிதம் அனுப்பும்படி ஆட்சியர் அலுவலகத் துப்பாக்கி உரிமப் பிரிவில் முதல் நாளே மனுக் கொடுங்கள். காவல் அறிக்கையும் வனத்துறைக் கடிதமும் ஒரே நேரத்தில் நகர்ந்தால் மாதங்கள் மிச்சமாகும். நீங்களே நேரடியாக வனத்துறையிடம் தடையில்லாச் சான்று வாங்கிவந்து கொடுத்தால், அலுவலகக் கடிதம் வழியாக வரவில்லை என்று ஒதுக்கிவிடக்கூடும். ஆகவே ஆட்சியர் அலுவலகக் கடிதத்தின் நகலைக் கையில் வைத்துக்கொண்டு, அது எந்த மேசையில் இருக்கிறது என்று பின்தொடர்வதே பயன் தரும்.

4. ஆவணங்களைத் திரட்டுதல்

தனிநபர் விண்ணப்பம் ஏ-1 என்னும் படிவத்தில் அமையும். பிறந்த தேதிச் சான்று, ஆதார், முகவரிச் சான்று, வெள்ளைப் பின்னணியில் எடுத்த நான்கு வண்ணப் புகைப்படங்கள், துப்பாக்கியைப் பாதுகாப்பாகக் கையாண்டு பூட்டி வைப்பேன் என்ற உறுதிமொழி, மருத்துவச் சான்று ஆகியவை அடிப்படை. வயது 21 நிறைந்திருக்கவேண்டும் என்பது காவலருக்குப் பெரும்பாலும் பிரச்சினையாக இராது.

மருத்துவச் சான்று உடல் நலத்தை மட்டும் சொன்னால் போதாது. மன நலம் பற்றியும், மதுவுக்கோ போதைப் பொருளுக்கோ அடிமையானவர் அல்லர் என்பது பற்றியும் தனித்தனியாகக் குறிப்பிட்டிருக்கவேண்டும். விடுப்புக்கு வாங்கிப் பழகிய வழக்கமான ‘நல்ல உடல்நிலையில் உள்ளார்’ சான்று இங்கே செல்லாது. விதிகளில் உள்ள படிவத்தை அச்சிட்டு மருத்துவரிடம் கொண்டுபோங்கள்.

பணியில் இருப்பவர்கள் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்தின் வழியாகத் துறையின் தடையில்லாச் சான்றையும் கேட்டு வாங்கிவிடுவது நல்லது. காவல் துறைக் கீழ்நிலை அலுவலர்களுக்கான நடத்தை விதிகளின்படி விலை உயர்ந்த அசையும் சொத்து வாங்குவதைத் துறைக்குத் தெரிவிக்கவேண்டும், ரிவால்வரின் விலை அந்த வகையில் வந்துவிடும். பணம் எங்கிருந்து வந்தது என்பதற்கான வங்கிக் கணக்கு நகலையும் இப்போதே எடுத்து வைத்துக்கொண்டால் பின்னால் யாருக்கும் விளக்கம் எழுதவேண்டியிராது. ஓய்வு பெற்றவர்கள் ஓய்வூதிய ஆணையையும் பணிச் சான்றையும் இணைக்கவேண்டும்.

இனி, தேவையை மெய்ப்பிக்கும் ஆவணங்கள். ‘தற்காப்புக்காக’ என்று ஒரே சொல்லில் எழுதப்பட்ட மனுக்கள் ஏராளமாகத் தள்ளுபடியாகின்றன. கடல் அட்டை, பீடி இலை, கஞ்சா கடத்தல் வழக்குகளில் நீங்கள் விசாரணை அலுவலராகவோ சாட்சியாகவோ இருந்திருந்தால், வழக்கு எண், நீதிமன்றம், தீர்ப்பு நாள், எதிரி (குற்றஞ்சாட்டப்பட்டவர்) விடுதலையாகி வந்த நாள் ஆகியவற்றை ஒரு பட்டியலாக எழுதுங்கள். மிரட்டல் வந்திருந்தால் அப்போது கொடுத்த புகாரின் மனு ஏற்பு ரசீது அல்லது முதல் தகவல் அறிக்கையின் நகல் வேண்டும். மிரட்டியவர்களைச் சமாளித்துவிட்டேன் என்று புகார் கொடுக்காமல் விட்டவர்களுக்கு இந்த இடத்தில் காட்ட எதுவும் இருக்காது. நிலையத்து இரகசியக் குறிப்புகளை நகலெடுத்து இணைக்கவே கூடாது. அதற்குத் தனி விசாரணை வரும்.

5. விண்ணப்பித்தலும் விசாரணையும்

விண்ணப்பத்தை மத்திய உள்துறையின் துப்பாக்கி உரிம இணையதளத்தில் நிரப்பி, அச்சிட்டு, ஆவணங்களோடு ஆட்சியர் அலுவலகத்தில் ஒப்படைக்கவேண்டும். இராமநாதபுரம் மாவட்டத்தில் உரிமம் வழங்கும் அதிகாரி மாவட்ட ஆட்சியர். மாநகரக் காவல் ஆணையரகங்களில் இருந்து வருபவர்கள் அங்கே காவல் ஆணையர் வழங்கியதை நினைத்து இங்கே கண்காணிப்பாளர் அலுவலகத்துக்குப் போய் நிற்பதுண்டு. கண்காணிப்பாளர் தருவது அறிக்கை மட்டுமே.

ஒப்படைத்த நாளன்றே தேதியிட்ட ரசீதைக் கேட்டு வாங்குங்கள். காவல் அறிக்கைக்கு 30 நாட்களும், அறிக்கை வந்து சேர்ந்த பிறகு முடிவெடுக்க 60 நாட்களும் விதிகளில் குறிக்கப்பட்டுள்ளன. நடைமுறையில் வருவாய்த் துறை விசாரணை, வனத்துறை இசைவு, திருவிழாப் பந்தோபஸ்து, தேர்தல் ஆகியவற்றால் காலம் நீளும். ஆனால் தேதியிட்ட ரசீது இருந்தால்தான் நினைவூட்டல் மனுவுக்கு வலு இருக்கும்.

விசாரணைக்கு வருபவர் உங்களோடு பணியாற்றியவராகவே இருக்கலாம். “நம்ம ஏட்டையாதானே” என்று அவர் வீட்டைப் பார்க்காமலே அறிக்கை எழுதிக்கொடுத்தால் தடுத்து, வீட்டுக்கு அழைத்துவந்து காட்டுங்கள். பூட்டுள்ள இரும்புப் பெட்டி சுவரிலோ தரையிலோ பொருத்தப்பட்டிருப்பதையும், தோட்டாவுக்குத் தனிப் பூட்டு இருப்பதையும், பிள்ளைகளின் கைக்கு எட்டாது என்பதையும் அறிக்கையில் எழுதச் சொல்லுங்கள். மேலே போகும் கோப்பில் பழக்கத்தின் சாயல் தெரிந்தால் மறுவிசாரணைக்குத் திரும்பும்.

மறுக்கப்பட்டால் காரணத்தை எழுத்தில் கேட்கலாம். போதிய சொத்து இல்லை என்ற காரணத்தை மட்டும் காட்டி மறுக்கக்கூடாது என்று படைக்கலச் சட்டத்தின் 14ஆம் பிரிவே சொல்கிறது. மேல்முறையீட்டுக்கான காலம் குறுகியது. உத்தரவு கிடைத்த வாரத்திலேயே வழக்கறிஞரைப் பாருங்கள்.

6. செலவு

உரிமக் கட்டணம் இந்த முழுச் செலவில் மிகச் சிறிய பகுதி. இடைத்தரகர்கள் ‘உரிமத்துக்கு ஆகும்’ என்று சொல்லும் பெரிய தொகைக்கும் அரசுக் கட்டணத்துக்கும் தொடர்பில்லை. அரசுக் கட்டணத்துக்கு ரசீது உண்டு, ரசீது இல்லாத எதையும் கொடுக்காதீர்கள். பெருஞ்செலவு துப்பாக்கிதான். ரிவால்வர், பிஸ்டல் மீதான சரக்கு சேவை வரி 2025 செப்டம்பர் 22 முதல் 28 விழுக்காட்டிலிருந்து 40 விழுக்காடாக உயர்ந்துவிட்டது. எனவே பழைய விலைப்பட்டியலைப் பார்த்துக் கடன் கேட்கவேண்டாம். ஒரு இலட்சம் ரூபாய்க்கு மேல் ஆகும் என்று வைத்துக்கொண்டு, தோட்டா, உறை, இரும்புப் பெட்டி, மதுரைக்கோ சென்னைக்கோ போய்வரும் செலவு ஆகியவற்றைத் தனியாக ஒதுக்குங்கள்.

7. வாங்கிய உடனே செய்யவேண்டியவை

உரிமத்தில் தனி அடையாள எண் இருக்கிறதா, பெயரும் முகவரியும் சரியா, துப்பாக்கியின் வகை சரியா, எத்தனை தோட்டா வைத்துக்கொள்ளலாம் என்று குறித்திருக்கிறதா என்பவற்றை அலுவலகத்தை விட்டு வெளியேறும் முன்பே படித்துப் பாருங்கள். குறிப்பிட்ட காலத்துக்குள் வாங்கி, துப்பாக்கியைக் காட்டி, அதன் எண்ணை உரிமத்தில் பதியவேண்டும். விற்பவர் எழுதும் எண்ணும் உலோகத்தில் பொறித்த எண்ணும் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகவேண்டும்.

உரிமம் செல்லுபடியாகும் பரப்பையும் பாருங்கள். மாவட்டத்துக்கு மட்டும் என்றிருந்தால், மதுரையில் ஒரு கல்யாணத்துக்குப் போகும்போது பரமக்குடி தாண்டி மானாமதுரை வந்தவுடனே நீங்கள் எல்லை மீறியவர். தமிழ்நாடு முழுவதற்கும் வேண்டுமென்றால் அதை விண்ணப்பத்திலேயே காரணத்தோடு கேட்டிருக்கவேண்டும்.

8. வெளியே எடுத்துச் செல்லும்போது

நம் விதிகளில் துப்பாக்கியை மறைத்து வைப்பது சலுகையாகச் சொல்லப்படவில்லை, கட்டாயமாகச் சொல்லப்பட்டிருக்கிறது. பொது இடத்தில் கைத்துப்பாக்கி அதற்கென்று செய்த உறையில், உடலோடு இணைந்தோ அதற்கு ஒப்பான பையிலோ, முழுவதும் மூடப்பட்டு, எடுத்துச் செல்பவரின் முழுக் கட்டுப்பாட்டில் இருக்கவேண்டும். பேருந்து நிலையத் தேநீர்க் கடையில் சட்டை விலகிப் பிடி தெரிந்தால் அதுவே நிபந்தனை மீறல். சீருடையில் வெளிப்படையாக உறை கட்டிப் பழகியவர்களுக்கு இந்த மாற்றம் எளிதில் கைவராது. மோட்டார் சைக்கிள் பெட்டியில் போட்டுவிட்டு மீன் வாங்கப் போவதும் ‘முழுக் கட்டுப்பாடு’ ஆகாது. உரிமத்தின் மூலத்தை எப்போதும் உடன் வைத்திருங்கள்.

துப்பாக்கியோடு போகவே கூடாத இடங்கள் நம் மாவட்டத்தில் நிறைய. இராமநாதசுவாமி கோயிலில் கைபேசிக்கே அனுமதி கிடையாது. வாசல்வரை கொண்டுவந்துவிட்டு விடுதி மேலாளரிடமோ செருப்புக் காப்பவரிடமோ கொடுத்துவைத்தால், உரிமம் இல்லாதவரிடம் துப்பாக்கியை ஒப்படைத்த குற்றம் சேரும். குருசடைத் தீவுக்குப் படகில் போவதும் அப்படியே. தேசியப் பூங்காவுக்குள் முன் அனுமதி இல்லாமல் ஆயுதத்தோடு நுழையக்கூடாது. கச்சத்தீவு அந்தோணியார் திருவிழாவுக்குப் போகிறவர்கள் வேறு நாட்டுக்குள் நுழைகிறார்கள் என்பதை மறக்கவேண்டாம். அங்கே நம் உரிமம் வெறும் தாள். மதுரை விமான நிலையத்தில் தோட்டா நீக்கிய துப்பாக்கியை முன்கூட்டி அறிவித்துச் சரக்குப் பெட்டியில்தான் அனுப்பமுடியும். பழைய கைப்பையின் மூலையில் ஒரு தோட்டா தங்கியிருந்தாலும் பாதுகாப்புச் சோதனையில் பயணம் நின்றுவிடும். ஆகவே தோட்டா வைத்த பையைப் பயணத்துக்கு எடுக்காதீர்கள்.

செப்டம்பர் 11 பரமக்குடி நினைவு நாளையும் அக்டோபர் 30 பசும்பொன் குருபூசையையும் ஒட்டி மாவட்டத்தில் தடை உத்தரவு பிறப்பிக்கப்படுவது வழக்கம். பந்தோபஸ்தில் நின்ற நமக்கு அது மனப்பாடம். ஆனால் அதே உத்தரவு இப்போது உரிமதாரராகிய உங்களையும் கட்டுப்படுத்தும். தேர்தல் அறிவித்ததும் துப்பாக்கியை ஒப்படைக்கச் சொல்லி அறிவிப்பு வரும். விலக்கு வேண்டுமென்றால் அறிவிப்பு வந்த உடனே மனுக் கொடுங்கள், இல்லையேல் ஒப்படைத்து ரசீது வாங்குங்கள்.

கல்யாணத்திலோ கோயில் ஊர்வலத்திலோ வானத்தை நோக்கிச் சுடுவதற்கு 2 ஆண்டு வரை சிறை, அல்லது 1 இலட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். பணியில் இல்லாத நேரத்தில் சுட நேர்ந்தால் உங்களைக் காப்பது பாரதிய நியாய சன்ஹிதாவில் உள்ள தற்காப்பு உரிமை மட்டுமே, அது எல்லாக் குடிமக்களுக்கும் உள்ள அளவுதான். மது அருந்தும் இடத்துக்குத் துப்பாக்கி வேண்டாம் என்பதைக் காவலருக்குச் சொல்லத் தேவையில்லை என்று நினைத்தேன். பிறகு சில வழக்குகள் நினைவுக்கு வந்ததால் சொல்லிவைக்கிறேன்.

9. உப்புக்காற்று

நிலையத்து ஆயுதங்களைத் துடைத்து எண்ணெய் போட ஆள் இருந்தது, வீட்டில் நீங்கள்தான். தோல் உறை வியர்வையையும் ஈரத்தையும் உறிஞ்சி வைத்துக்கொள்ளும். அதிலேயே துப்பாக்கியை விட்டுவைத்தால் உலோகம் துருப்பிடிக்கும். வீட்டுக்கு வந்ததும் தோட்டாவை நீக்கி, உலர்ந்த துணியால் துடைத்து, மெல்லிய எண்ணெய்ப் பூச்சோடு பெட்டியில் வையுங்கள். ஈரம் உறிஞ்சும் சிறு பொட்டலங்களைப் பெட்டியில் போட்டு மழைக்காலத்தில் மாற்றிக்கொண்டே இருங்கள். புதுப்பிக்கும்போது துப்பாக்கியைக் கொண்டுபோய்க் காட்டவேண்டியிருக்கும். பொறித்த எண் துருவில் மங்கியிருந்தால் தேவையற்ற கேள்விகள் எழும்.

10. இடமாற்றம், புதுப்பித்தல், பிறகு

உரிமம் 5 ஆண்டுகளுக்கு. முடிவதற்கு இரண்டு மாதங்களுக்கு முன்பே புதுப்பிக்க விண்ணப்பித்துவிடுங்கள். இடமாற்றத்தாலோ ஓய்வுக்குப் பிறகு குடியிருப்பைக் காலி செய்வதாலோ 30 நாட்களுக்கு மேல் வேறு ஊரில் துப்பாக்கியோடு தங்கினால், பழைய அதிகாரிக்கும் புதிய இடத்து அதிகாரிக்கும் எழுத்தில் தெரிவிக்கவேண்டும். குடியிருப்பு முகவரியிலேயே உரிமத்தை விட்டுவிட்டுச் சொந்த ஊருக்குப் போய்விடுவதுதான் ஓய்வு பெற்றவர்களிடம் அதிகம் காணப்படும் தவறு. துப்பாக்கி தொலைந்தால் உடனே அருகிலுள்ள நிலையத்தில் புகார் கொடுத்து, உரிமம் வழங்கிய அலுவலகத்துக்கும் நகல் அனுப்புங்கள்.

உரிமம் எங்கே, பெட்டியின் சாவி எங்கே என்பதை வீட்டில் நம்பிக்கையான ஒருவருக்கு எழுதி வையுங்கள். உங்களுக்குப் பிறகு குடும்பத்தார் துப்பாக்கியை வீட்டில் வைத்திருக்கச் சட்டம் இடம் தராது. தாமதிக்காமல் அருகிலுள்ள காவல் நிலையத்திலோ உரிமம் பெற்ற துப்பாக்கி வணிகரிடமோ ஒப்படைத்து, துப்பாக்கி எண்ணும் தோட்டா எண்ணிக்கையும் குறித்த ரசீதைப் பெறவேண்டும். வாரிசு ஒருவர் அதைத் தம் பெயருக்குக் கேட்பதாக இருந்தால் இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, மற்ற வாரிசுகளின் சம்மதக் கடிதம் ஆகியவற்றோடு அந்த ரசீதையும் இணைத்து மேலே சொன்ன அதே வரிசையில் விண்ணப்பிக்கவேண்டும்.